"ஊசி போட்டாச்சு": பிறவி சிபிலிஸுடன் திரும்பி வந்த 19 நாள் குழந்தை

சிபிலிஸ் உடலுறவின் வழியே தொற்றும் ஒரு பாக்டீரியா நோய். கர்ப்பிணிக்கு இருந்தால் வயிற்றிலிருக்கும் குழந்தைக்கும் போகும், அதுதான் பிறவி சிபிலிஸ். தாயின் சம்மதத்துடன் இதை எழுதுகிறேன். ஊர், வயது போன்ற அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.

வலது கையை அசைக்கவில்லை என்றுதான் அந்தப் பெண் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். பிறந்து 19 நாள். எடை 2.3 கிலோ. பிரசவத்தின்போது தோள்பட்டை நரம்பு இழுபட்டிருக்கும், போகப் போகச் சரியாகிவிடும் என்று வெளியே ஒரு மருத்துவர் சொல்லியிருந்தார். நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். பாட்டி சொன்ன ஒரு பேச்சு அதை மாற்றியது.

"பொறந்தப்போ ரெண்டு கையையும் நல்லாத்தான் ஆட்டுச்சு டாக்டரம்மா. இந்த ஒரு வாரமாத்தான் இப்படி. தொட்டாலே வீல்னு கத்துது."

நரம்பு இழுபட்ட கை பிறந்ததிலிருந்தே துவண்டு கிடக்கும். இரண்டு வாரம் நன்றாக ஆடிவிட்டு அப்புறம் நிற்காது. தொட்டால் இப்படி வலிக்கவும் வலிக்காது. இந்தக் குழந்தைக்கு நரம்பில் பழுதில்லை. எலும்பு வலிக்கிறது, அதனால் அசைக்காமல் வைத்திருக்கிறது.

துணியை விலக்கினேன். வயிறு உப்பியிருந்தது. கல்லீரல் விலா எலும்புக்குக் கீழே 5 செ.மீ., மண்ணீரல் 3 செ.மீ. கைக்குத் தட்டுப்பட்டன. உள்ளங்கை, உள்ளங்காலில் தோல் உரிந்து, அடியில் செம்பு நிறத் திட்டுகள். மூக்கு அடைத்து, ரத்தம் கலந்த சளி ஓரத்தில் காய்ந்திருந்தது. நாலு வாய் பால் குடித்ததும் மூச்சுக்காக விட்டுவிட்டு அழுதது. மூக்கடைப்புக்கு வெளியே உப்புநீர்ச் சொட்டு மருந்து கொடுத்திருந்தார்கள். தோலுக்குப் பாட்டி செவ்வாப்பு மருந்து கொடுத்துக்கொண்டிருந்தார். பாட்டியைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. குழந்தையின் தோல் சிவந்தால் செவ்வாப்பு, கிரந்தி என்று சொல்வது நம் ஊர் வழக்கம். அதே கிரந்தி என்ற சொல்தான் பழைய வைத்தியப் பேச்சில் சிபிலிஸையும் குறித்தது. பாட்டியின் சொல் நோய்க்கு அவ்வளவு பக்கத்தில் இருந்தது.

கையுறை போட்டுக்கொண்டேன், செவிலியரையும் போடச் சொன்னேன். இந்த மூக்குச் சளியிலும் தோல் புண்ணிலும் கிருமி நிறைய இருக்கும். பெனிசிலின் தொடங்கி 24 மணி நேரம் ஆகும்வரை வெறுங்கையால் தொடக்கூடாது.

கை கால் எலும்புகள் எல்லாவற்றுக்கும் எக்ஸ்ரே எடுத்தோம். வலித்தது ஒரு கைதான், ஆனால் மாற்றம் இரண்டு பக்கமும் இருந்தது. எலும்பைச் சுற்றி இன்னொரு கோடு வரைந்ததுபோல் மேலுறை தடித்திருந்தது. இரண்டு முழங்காலுக்கும் கீழே, கால் எலும்பின் மேல்முனையில் உட்பக்கமாகக் கடித்து எடுத்ததுபோல் ஒரு குழி. விம்பெர்கர் அடையாளம் என்று பாடப் புத்தகத்தில் படித்தது. வலியால் கை முடங்கியதற்குப் பெயர் பரோ போலிவாதம். இரண்டையும் ஒரே குழந்தையிடம் பார்த்தது எனக்கு அதுவே முதல் தடவை.

ஹீமோகுளோபின் 8.6. தட்டணுக்கள் 62,000. இரண்டும் குறைவு. எச்.ஐ.வி. இல்லை. சிபிலிஸுக்கான ஆர்.பி.ஆர். என்ற ரத்தப் பரிசோதனைக்கு அனுப்பும்போது, ரத்தத்தை நீர்க்கச் செய்தும் பார்க்கும்படி ஆய்வகத்தில் சொல்லி அனுப்பினேன். எதிர்ப்பொருள் மிதமிஞ்சி இருந்தால், நீர்க்காத ரத்தத்தில் ஆர்.பி.ஆர். பொய்யாக நெகட்டிவ் காட்டும். எத்தனை மடங்கு நீர்க்கச் செய்தும் பாசிட்டிவ் காட்டுகிறது என்ற அளவுக்கு டைட்டர் என்று பெயர். குழந்தையின் டைட்டர் 1:256, தாயினுடையது 1:128 என்று வந்தது.

இங்கே ஒரு விஷயத்தை நின்று சொல்ல வேண்டும். குழந்தையின் டைட்டர் தாயினுடையதைப் போல் நான்கு மடங்கோ அதற்கு மேலோ இருந்தால் பிறவி சிபிலிஸ் என்று ஒரு விதி உண்டு. இங்கே இரண்டு மடங்குதான். அதனால் நோய் இல்லை என்று ஆகிவிடாது. நோயுள்ள பல குழந்தைகளிடம் அந்த நான்கு மடங்கு இருப்பதில்லை. உடம்பில் அடையாளம் இருக்கிறது, ஆர்.பி.ஆர். பாசிட்டிவ். அதற்கு மேல் யோசிக்க ஒன்றும் இல்லை.

அட்டை

தாய்க்கு 24 வயது. கையில் தாய் சேய் அட்டை இருந்தது. கர்ப்பத்தை அரசிடம் பதிவு செய்த பிக்மி எண், ரத்த வகை, ஸ்கேன் தேதிகள், தடுப்பூசி எல்லாம் ஒழுங்காக எழுதியிருந்தது. ஒரு மூலையில் நீல மையில் "சிபிலிஸ் பாசிட்டிவ், ஊசி போட்டாச்சு" என்று இருந்தது. எந்த ஊசி, எத்தனை, எந்தத் தேதி, டைட்டர் எவ்வளவு, கணவருக்குப் பார்த்தார்களா, எதுவும் இல்லை.

குழந்தை பிறந்தது எங்கள் மருத்துவமனையில்தான். 36 வாரத்தில், 2.1 கிலோ. அன்றைக்கு என் கண்ணுக்கு அடையாளம் எதுவும் படவில்லை. மூன்றாம் நாள் வீட்டுக்கு அனுப்பிய டிஸ்சார்ஜ் தாளில் என் கையெழுத்து இருக்கிறது. அட்டையை அன்றும் புரட்டினேன். "ஊசி போட்டாச்சு" என்பதைப் படித்தேன், நம்பினேன், மூடினேன்.

இந்த நோயோடு பிறக்கும் குழந்தைகளில் பாதிக்கு மேல் பிறந்த அன்று எந்த அடையாளமும் இல்லாமல்தான் இருக்கிறார்கள். மூக்கடைப்பு, தோல் உரிதல், எலும்பு வலி எல்லாம் சில வாரங்கள் கழித்தே தலைகாட்டும். அப்போதும் கவனிக்காமல் விட்டால், வருடங்கள் கழித்துக் காது கேளாமை, கருவிழி அழற்சி, பிறைபோல் குழிந்த முன்பற்கள், அமுங்கிய மூக்கு என்று வரும். ஆகவே "நன்றாக இருக்கிறது" என்று கண்ணால் பார்த்துச் சொல்வதற்கு இந்த நோயில் மதிப்பு கிடையாது. தாயின் சிகிச்சை விவரம்தான் குழந்தையின் முதல் பரிசோதனை. அதை நான் செய்யவில்லை.

குழந்தையை வார்டில் சேர்த்த மாலை, தாய் முதலில் பதிவு செய்த ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போன் செய்தேன். கிராம சுகாதார செவிலியர் பதிவேட்டைப் புரட்டி ஐந்தே நிமிடத்தில் எல்லாம் சொல்லிவிட்டார். 12-ஆவது வாரத்தில் விரைவுப் பரிசோதனை, சிபிலிஸ் பாசிட்டிவ். அடுத்த வாரம் ஆர்.பி.ஆர். 1:32. 14-ஆவது வாரத்தில் பென்சாத்தீன் பெனிசிலின் 24 லட்சம் யூனிட், இரண்டு பிட்டத்திலும் பாதிப் பாதியாக. இரண்டாவது ஊசி 25 நாள் கழித்து. மூன்றாவது போடவே இல்லை. கணவர் வரவில்லை. ஆர்.பி.ஆர். மறுபடி பார்க்கவில்லை. எல்லாம் பதிவேட்டில் தெளிவாக இருந்தது. பதிவேடு ஓர் ஊரில் இருந்தது, கர்ப்பிணி இன்னோர் ஊருக்கு வந்துவிட்டார்.

25 நாள் ஏன்?

எப்போது தொற்றியது என்று தெரியாத கர்ப்பிணிக்கு மூன்று ஊசி, வாரத்துக்கு ஒன்றாக. இரண்டு ஊசிக்கு நடுவே 9 நாளுக்கு மேல் போனால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். 25 நாள் ஆனபோது கணக்கு மறுபடி ஒன்றிலிருந்து ஆரம்பித்திருக்க வேண்டும். ஆரம்பிக்கவில்லை.

ஏன் அடுத்த வாரம் போகவில்லை என்று தாயிடம் கேட்டேன். வெகு நேரம் பதில் இல்லை. அப்புறம் சொன்னார்.

"ஊசி போட்ட அன்னிக்கு ராத்திரி குளிர்க்காய்ச்சல் வந்திருச்சு மேடம். அடிவயிறு கல்லு மாதிரி இறுகிப்போச்சு. ஏற்கெனவே ஒண்ணு போயிருச்சு. இந்த ஊசி குழந்தைக்கு ஆகாது, இனி போகாதேன்னு மாமியார் சொல்லிட்டாங்க."

அவருக்கு வந்தது மருந்தின் ஒவ்வாமை அல்ல. பெனிசிலின் உள்ளே போனதும் கிருமிகள் கூட்டமாகச் செத்து, அதனால் வரும் காய்ச்சல் அது. யாரிஷ்-ஹெர்க்ஸ்ஹைமர் எதிர்வினை என்று பெயர். ஊசி போட்ட சில மணி நேரத்தில் வரும், ஒரு நாளில் போய்விடும். கர்ப்பிணிக்கு வயிறு இறுகலாம், அதனால் கவனித்துக்கொள்ள வேண்டும், அபூர்வமாகப் பிரசவ வலி எடுத்துவிடவும் கூடும். ஆனால் ஊசியை நிறுத்த அது காரணம் அல்ல. "இன்றைக்கு ராத்திரி காய்ச்சல் வரலாம், பயப்படாதீங்க. வயிறு இறுகினா, குழந்தை அசைவு குறைஞ்சா உடனே வந்திருங்க. அடுத்த வாரம் இதே கிழமை வாங்க" என்று ஒருவர் முன்கூட்டியே சொல்லியிருந்தால் மாமியாரும் பயந்திருக்க மாட்டார்.

எதிர்ப்பக்கத்திலும் ஒரு பயம் உண்டு. பெனிசிலின் என்றாலே கை நடுங்கும் மருத்துவர்கள் இருக்கிறார்கள். ஊசி போட்ட இடத்திலேயே யாராவது விழுந்துவிட்டால் என்ன செய்வது என்று, பெரிய மருத்துவமனைக்கு அனுப்பிவிடுவார்கள். கடும் ஒவ்வாமை அபூர்வம். அட்ரினலின் மருந்தைப் பக்கத்தில் தயாராக வைத்து, போட்டபின் அரை மணி நேரம் உட்கார வைத்துப் பார்த்தால் போதும். கர்ப்பத்தில் வேறு மருந்துக்கு மாற்றலாம் என்ற எண்ணமும் சரியல்ல. எரித்ரோமைசின், அசித்ரோமைசின் நஞ்சுக்கொடியைத் தாண்டிக் குழந்தையிடம் போதுமான அளவு போய்ச்சேராது. டாக்சிசைக்ளின் கர்ப்பிணிக்குக் கொடுக்கவே கூடாது. உண்மையிலேயே பெனிசிலின் ஒவ்வாமை இருந்தால்கூட, மருத்துவமனையில் சேர்த்து, சிறிது சிறிதாகக் கொடுத்து உடம்பைப் பழக்கி, அதே பெனிசிலினைத்தான் போட வேண்டும். 1905-இல் ஷாவுடின், ஹாஃப்மன் இருவரும் பெர்லினில் கண்டுபிடித்த இந்தக் கிருமியை, 1943-இலிருந்து பெனிசிலினால் கொல்கிறோம். இன்றுவரை அதை எதிர்க்க அது கற்றுக்கொள்ளவில்லை. எத்தனையோ கிருமிகளிடம் நாம் தோற்றுக்கொண்டிருக்கும் காலத்தில், இவ்வளவு மலிவான ஊசிக்கு இன்னும் அடங்கும் நோய் இது. அதனால்தான் இந்தக் குழந்தையைப் பார்த்தபோது எனக்கு அவ்வளவு வேதனை.

கணவர்

தாயின் டைட்டர் 1:32-இலிருந்து இறங்காமல் 1:128 ஆகியிருக்கிறது, நான்கு மடங்கு. இரண்டு ஊசி போட்ட பிறகும் ஏறியிருக்கிறது என்றால் மறுபடி தொற்றியிருக்க வாய்ப்பு மிக அதிகம். கர்ப்பத்தின் பின்பாதியில் புதிதாகத் தொற்றுவதுதான் குழந்தைக்கு மிக ஆபத்தானது. ரத்தத்தில் கிருமி அப்போது மிக அதிகம், நஞ்சுக்கொடி வழியே நேராகப் போகும்.

கணவர் வெளியூரில் பனியன் கம்பெனியில் வேலை. மாதம் ஒருமுறை வருவார். மனைவிக்கு ஊசி போட்டது அவருக்குத் தெரியும், எதற்கு என்று தெரியாது. இவர் சொல்லவில்லை. "சொன்னா என்னைத்தான் மேடம் கேப்பாங்க" என்றார். அந்த வாக்கியத்துக்கு என்னிடம் பதில் இல்லை. எச்.ஐ.வி. பரிசோதனையும் ஆலோசனையும் தரும் நம்பிக்கை மையத்தின் ஆலோசகர் அந்த வேலையை எடுத்துக்கொண்டார். அவர் கணவரைத் தனியாக உட்கார வைத்துப் பேசிய விதத்தை நான் மறக்க மாட்டேன். யாரிடமிருந்து யாருக்கு என்ற கேள்விக்குள் போகவே இல்லை.

"தம்பி, பாப்பாவுக்கு ஒரு தொற்று இருக்கு. ரத்தத்துல வர்றது. அம்மா, அப்பா ரெண்டு பேருக்கும் மருந்து போட்டாத்தான் வீட்டுல யாருக்கும் திரும்ப வராது. உங்களுக்கு இன்னிக்கே பார்த்திரலாமா?"

அவருடைய டைட்டர் 1:64. சில மாதம் முன்பு உள்ளங்கையில் திட்டுத் திட்டாக வந்து தானாகப் போனது, சூடு என்று நினைத்தேன் என்றார். இருவருக்கும் அன்றே ஊசியைத் தொடங்கினோம். வாரம் ஒன்றாக மூன்று. இந்தத் தடவை மூன்று தேதிகளையும் முன்கூட்டியே எழுதிக் கொடுத்தோம். மார்பில் புண் எதுவும் இல்லாததால் தாய்ப்பாலை நிறுத்தவில்லை.

பத்து நாள்

குழந்தைக்கு முதுகுத்தண்டு நீர் எடுத்தோம். செல்கள் 42, சிபிலிஸுக்கான வி.டி.ஆர்.எல். பரிசோதனை நெகட்டிவ். அதற்காக மூளைக்குப் போகவில்லை என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் மருந்தில் வித்தியாசம் இல்லை. படிகப் பெனிசிலின், ஒரு கிலோவுக்கு 50,000 யூனிட் வீதம், ஒரு தடவைக்கு 1,15,000 யூனிட், 8 மணி நேரத்துக்கு ஒருமுறை ரத்தக்குழாய் வழியாக, பத்து நாள். முதல் வாரத்துக் குழந்தையாக இருந்திருந்தால் 12 மணிக்கு ஒருமுறை ஆரம்பித்து, எட்டாம் நாளிலிருந்து 8 மணிக்கு மாறியிருப்போம்.

மொத்தம் 30 டோஸ். ஒரு நாளுக்கு மேல் விட்டுப்போனால் பத்து நாளும் முதலிலிருந்து. ஆறாம் நாள் நள்ளிரவு ஊசிக்குழாய் கழன்றுவிட்டது. உடம்பில் இடம் கிடைக்கவில்லை. பணியிலிருந்த செவிலியர் ஒரு மணி நேரம் போராடி, தலையில் ஒரு ரத்தக்குழாயைப் பிடித்தார். இரண்டு மணிக்குக் கொடுக்க வேண்டிய டோஸ் மூன்றரைக்குப் போனது, அவ்வளவுதான். கழன்றதைப் பார்த்துவிட்டு, "காலையில் டாக்டர் வரட்டும்" என்று அவர் விட்டிருக்கலாம். விடவில்லை.

நான்காம் நாள் மூக்கடைப்பு தெளிந்து ஒரே மூச்சில் பால் குடித்தது. ஒன்பதாம் நாள் வலது கை விரல்கள் பாட்டியின் சேலை முந்தானையைப் பிடித்திருந்தன. டிஸ்சார்ஜ் அன்று தட்டணுக்கள் 1,40,000. கண் பரிசோதனை, காது பரிசோதனை இரண்டும் சரியாக இருந்தன.

எங்கெல்லாம் தடுத்திருக்கலாம்

பிற்பாடு செவிலியர்களோடு உட்கார்ந்து நாள் நாளாகப் பின்னோக்கிப் போனோம். முதல் இடம் இந்தக் கர்ப்பத்துக்கும் முன்னால் இருக்கிறது. இரண்டு வருடத்துக்கு முன் முதல் குழந்தை எட்டாம் மாதத்தில் வயிற்றுக்குள்ளேயே இறந்து பிறந்தது. அப்போது யாரும் காரணம் தேடியதாகத் தாளில் இல்லை. 20 வாரத்துக்குப் பின் குழந்தை இறந்து பிறந்தால் தாய்க்குச் சிபிலிஸ் பரிசோதனை கட்டாயம். அதற்கு ஒரு சொட்டு ரத்தம் போதும்.

அடுத்தது அந்த 25 நாள். அதற்கடுத்தது 30-ஆவது வாரம். முதல் குழந்தை போனதால் வளைகாப்பு வேண்டாம் என்று விட்டுவிட்டு, சத்தமில்லாமல் அம்மா வீட்டுக்கு வந்தார். புதிய ஊர்ச் செவிலியர் அட்டையைப் பார்த்தார். அவரும் என்னைப்போலவே "ஊசி போட்டாச்சு" என்பதை நம்பினார். அன்று ஓர் ஆர்.பி.ஆர். எடுத்திருந்தால் டைட்டர் ஏறியது தெரிந்திருக்கும். விரைவுப் பரிசோதனை இதற்கு உதவாது, அது ஒருமுறை பாசிட்டிவ் ஆனால் பெரும்பாலும் ஆயுசுக்கும் பாசிட்டிவ். நோய் இப்போது உயிரோடு இருக்கிறதா என்று சொல்வது ஆர்.பி.ஆர். டைட்டரின் ஏற்ற இறக்கம்தான். 30-ஆவது வாரத்திலேயே புதிதாகத் தொடங்கியிருந்தால் 36-க்குள் ஆறு வாரம் கிடைத்திருக்கும். பிரசவத்துக்குக் குறைந்தது 30 நாள் முன்பாவது சிகிச்சை தொடங்கியிருந்தால்தான் அது குழந்தைக்கும் போய்ச்சேர்ந்ததாகக் கணக்கு.

கடைசி இடம் எங்கள் பிரசவ வார்டு. பிறந்த அன்றே தாய்க்கும் குழந்தைக்கும் ஆர்.பி.ஆர். எடுத்து ஒப்பிட்டிருக்க வேண்டும். குழந்தையின் ரத்தத்தைத் தொப்புள்கொடியில் எடுக்கக்கூடாது, தாயின் ரத்தம் கலந்து முடிவைக் கெடுக்கும். தாயின் சிகிச்சை அரைகுறை என்று தெரிந்திருந்தால், குழந்தை எவ்வளவு அழகாக இருந்தாலும் முழுப் பரிசோதனை செய்து, அன்றே பெனிசிலின் தொடங்கியிருப்போம். எலும்பு வலிக்கு முன்பே.

இதை ஏழை நாட்டு நோய் என்று நினைப்பவர்களுக்கு ஒரு கணக்கு. அமெரிக்காவில் 2012-இல் 335 குழந்தைகள் இந்த நோயோடு பதிவானார்கள், 2022-இல் 3,761. அவர்களில் ஏறக்குறையப் பத்துக்கு ஒன்பது பேரை, தாய்க்கு உரிய நேரத்தில் பரிசோதனையும் சிகிச்சையும் கிடைத்திருந்தால் காப்பாற்றியிருக்கலாம் என்று அந்த நாட்டு நோய்க் கட்டுப்பாட்டு மையமே சொன்னது. இந்தப் பக்கம் இலங்கையைப் பாருங்கள். தாயிடமிருந்து சேய்க்கு எச்.ஐ.வி.யும் சிபிலிஸும் பரவுவதை ஒழித்த நாடு என்று 2019 டிசம்பரில் உலக சுகாதார நிறுவனம் அதற்குச் சான்று கொடுத்தது. சிபிலிஸைப் பொறுத்தவரை, லட்சம் பிறப்புக்கு 50-க்கு மேல் பிறவி சிபிலிஸ் இருக்கக்கூடாது, கர்ப்பிணிகளில் நூற்றுக்கு 95 பேருக்காவது பரிசோதனையும், நோயுள்ளவர்களில் 95 பேருக்காவது சிகிச்சையும் கிடைத்திருக்க வேண்டும் என்பது அந்தச் சான்றுக்கான அளவுகோல். அங்கே குடும்ப நல உத்தியோகத்தர் கர்ப்பிணியின் வீட்டுக்கே போகிறார். நம்மிடமும் கிராம சுகாதார செவிலியர் இருக்கிறார், பிக்மி எண் இருக்கிறது, நம்பிக்கை மையம் இருக்கிறது. அமைப்பு இல்லை என்று நாம் சொல்ல முடியாது.

எங்கள் வார்டில் இப்போது சிபிலிஸ் பாசிட்டிவ் என்று எழுதும் இடத்தில் ஒரு ரப்பர் முத்திரை குத்துகிறோம். டைட்டர், மூன்று ஊசிகளின் தேதி, கணவருக்குப் போட்ட தேதி, கடைசி ஆர்.பி.ஆர். என்று அதில் கட்டங்கள். கட்டம் காலியாக இருந்தால் குழந்தை வீட்டுக்குப் போகாது.

ஆறாம் மாதம்

இரண்டரை மாதத்தில் குழந்தையின் டைட்டர் 1:32. நாலரை மாதத்தில் 1:4. ஆறாம் மாதம் நெகட்டிவ். ஆறாம் மாதத்துக்கு மேலும் ஆர்.பி.ஆர். போகாமல் இருந்திருந்தால் முதுகுத்தண்டு நீரை மறுபடி எடுக்க வேண்டியிருக்கும். அதற்கு அவசியம் வரவில்லை. எக்ஸ்ரேயில் அந்தக் குழி ஆறிவிட்டது. காதையும் கண்ணையும் இன்னும் சில வருடம் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும்.

முடிவைச் சொன்னதும் பாட்டி கும்பிட்டார். தாய் மட்டும் எழுந்திருக்கவில்லை. பாட்டியும் குழந்தையும் வெளியே போகும்வரை காத்திருந்து கேட்டார்.

"அப்போ மேடம், மொதக் குழந்தையும் இதனாலதானா?"

இருக்கலாம், நிச்சயமாகச் சொல்ல முடியாது, அன்றைக்கு யாரும் பார்க்கவில்லை என்றேன். "பார்த்திருந்தா?" என்று கேட்டார். பார்த்திருந்தால் அப்போதே ஊசி போட்டிருப்பார்கள், இந்தப் பாப்பாவுக்கு இது வந்திருக்க வேண்டியதில்லை என்று உள்ளதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் தரையைப் பார்த்தபடி இருந்தார். பிறகு அட்டையை நீட்டி, அடுத்து எப்போது வர வேண்டும் என்று கேட்டார். தேதியை எழுதினேன்.